கட்டடக்கலையில் வரும் குறியீடுகளையும் அவற்றின் பண்பாட்டுப் பொருளையும் புரிந்துகொள்ள எந்தப் புத்தகங்களைப் படிக்கலாம்?

கேள்வியைப் பார்த்தால் நீங்கள் ஆர்க்கிடெக்சர் இரண்டாம் வருடமோ மூன்றாம் வருடமோ படிக்கிறீர்கள், ஜூரியில் (உங்கள் வரைபடங்களை ஆசிரியர்கள் மதிப்பிடும் அமர்வில்) "கான்செப்ட் என்ன?" என்று கேட்டு வாட்டுகிறார்கள் என்று தோன்றுகிறது. அதற்காக, தாமரை என்றால் இது, யாளி என்றால் அது என்று வரிசையாகப் பொருள் சொல்லும் புத்தகத்தைத் தேடுகிறீர்கள் என்றால், அந்த வகையை இப்போதைக்குத் தொடாதீர்கள். முதலில் கட்டட உறுப்புகளின் பெயரையும் வடிவத்தையும் சொல்லித்தரும் புத்தகம். பொருள் சொல்லும் புத்தகமெல்லாம் அப்புறம். இதை நான் விடாப்பிடியாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது.

என் அம்மாவின் ஊர் கும்பகோணம் பக்கம். அங்கே சிவன் கோயில் திருப்பணி தொடங்கியபோது, முன்மண்டபத்தை இடித்துவிட்டு கான்கிரீட்டில் பெரிதாகக் கட்டலாம் என்று கமிட்டியில் பேச்சு வந்தது. உள்ளே இருப்பதுதான் சோழர் காலம், முன்னால் இருப்பது பிற்பாடு ஒட்டவைத்தது, போனால் போகட்டும் என்று ஒரு கட்சி. எல்லாமே ராஜராஜன் கட்டியது, கை வைக்கக் கூடாது என்று இன்னொரு கட்சி. இரண்டு கட்சியிலும் ஒருவர்கூடத் தூணை அண்ணாந்து பார்க்கவில்லை.

நான் பார்க்கச் சொன்னேன். தூணுக்கும் உத்தரத்துக்கும் நடுவில் கை நீட்டித் தாங்குகிற கல்தான் போதிகை. கருவறையை ஒட்டியிருக்கும் அர்த்தமண்டபத்தில் அதன் முனையைச் சாய்வாகச் சீவியிருந்தார்கள். நடுவில் மட்டும் ஒரு பட்டைத் துண்டு முன்னால் துருத்திக்கொண்டிருந்தது. முன்மண்டபத்தில் அதே துண்டு நீண்டு, வளைந்து, கீழே இறங்கி மொட்டாகத் தொங்கியது. ஊரில் அதை வாழைப்பூ என்பார்கள். கமிட்டிப் பெரியவர் ஒருவர், "வாழையடி வாழையா குலம் தழைக்கணும்னு வச்சதும்மா" என்றார். நான் மறுக்கவில்லை. அந்த ஊருக்கு அது அந்தப் பொருளைத் தருகிறது, அதுவும் மெய்யான பொருள்தான்.

ஆனால் அந்த மொட்டு அங்கே வந்து சேர்ந்த வழி வேறு. பல்லவர் காலத்துப் போதிகை வளைவாக இருக்கும், பல இடங்களில் அலை அலையாக வரி ஓடும். சோழர் காலத்தில் அது சாய்வெட்டாகி, நடுவில் துண்டு வருகிறது. அந்தத் துண்டு மெல்ல வெளியே நீண்டு, விஜயநகர காலத்தில் மொட்டுப் பிடித்து, நாயக்கர் காலத்தில் நன்றாகவே தொங்க ஆரம்பிக்கிறது. செழிப்புக்கு அடையாளமாக வாழைப்பூ வைப்போம் என்று யாரும் ஒரு நாள் உட்கார்ந்து முடிவெடுத்ததாகத் தெரியவில்லை. உளி பிடித்தவர்கள், தங்கள் ஆசான் விட்ட இடத்திலிருந்து இன்னும் கொஞ்சம் நீட்டிப் பார்த்ததில் வந்த வடிவம் அது.

இதை எனக்குக் கற்றுக்கொடுத்தது ழுவோ துப்ரேய். புதுச்சேரியில் ஆசிரியராக இருந்த பிரெஞ்சுக்காரர். 1914-ல் பிரெஞ்சில் எழுதினார். அதன் பிறகு 1917-ல் 'திராவிடியன் ஆர்க்கிடெக்சர்' என்று ஆங்கிலத்தில் சிறிய நூல் வந்தது. கோயில் கட்டும் தன் காலத்து ஸ்தபதிகளிடமே ஒவ்வொரு உறுப்புக்கும் பெயர் கேட்டுக்கொண்டு, போதிகையும், கூடு என்கிற குதிரைலாட வடிவ வளைவு அலங்காரமும் காலத்துக்குக் காலம் எப்படி மாறின என்று படம் போட்டுக் காட்டியவர். அந்தப் படத்தைத் தூணுக்குப் பக்கத்தில் பிடித்துக் காட்டினேன். ஒரே கோயிலுக்குள் இரண்டு காலம் நிற்கிறது, இரண்டுமே பழையதுதான் என்று அவர்களே சொன்னார்கள். மண்டபம் தப்பியது. கான்கிரீட் கட்டடம் வெளியே காலி மனைக்குப் போனது. இதில் எனக்குப் பெருமை உண்டு.

இதைப் படித்துவிட்டு, "நம்பிக்கையைக் கொச்சைப்படுத்துகிறாள்" என்று சிலர் வருவார்கள். நான் பிரதோஷம் தவறாமல் போகிறவள். சிதம்பரத்துப் பொன் ஓடு 21,600, அது ஒரு நாளில் நாம் விடும் மூச்சு என்று கேட்கும்போது எனக்கும் சிலிர்க்கும். கட்டியவர் நினைத்தது எது, பார்ப்பவர் ஏற்றிக்கொண்டது எது என்று பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும் என்கிறேன், அவ்வளவுதான். கட்டியவரே பொருளை முன்வைத்துக் கட்டியதும் உண்டு. கன்னியாகுமரி வள்ளுவர் சிலையில் பீடம் 38 அடி, அறத்துப்பாலின் அதிகாரங்கள். சிலை 95 அடி, பொருளும் இன்பமும் சேர்ந்து. மொத்தம் 133. அதைச் செய்த கணபதி ஸ்தபதி எழுதிய 'சிற்பச் செந்நூல்' தமிழிலேயே இருக்கிறது. கலைச்சொற்களுக்கு அதைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

மயமதம் என்ற பழைய சமஸ்கிருதக் கட்டடக்கலை நூலை புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்துக்காக புரூனோ தாகென்ஸ் பதிப்பித்திருக்கிறார். அதில் மண் சோதனை வருகிறது: குழி தோண்டி, எடுத்த மண்ணையே திரும்பக் கொட்டு, மிஞ்சினால் நல்ல மனை, சரியாக இருந்தால் சுமார், குறைந்தால் ஆகாது. அதே நூல்தான் மனையை 64 கட்டமாகவும் 81 கட்டமாகவும் பிரித்துத் தெய்வங்களை அமர்த்துகிறது. இரண்டும் ஒரே வேலையின் பகுதிகள். இன்றைக்கு வாஸ்து என்ற பெயரில் சமையலறையைத் தென்கிழக்குக்குத் தள்ளச் சொல்பவர்களில் எத்தனை பேர் அந்தக் குழியைத் தோண்டிப் பார்த்திருப்பார்கள்? வாஸ்து சொல்பவருக்கு வெற்றிலை பாக்கில் வைத்துக் கையோடு பணம் கொடுக்கிறார்கள். பிளானை நாலு முறை மாற்றி வரைந்த எனக்கு, கிரகப்பிரவேசம் முடிந்து பால் காய்ச்சிக் குடித்த பிறகும் பாக்கி நிற்கிறது. கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், ஆனால் இந்தத் தொழிலுக்கு வரப்போகிறவர் நீங்கள், தெரிந்துகொள்ளுங்கள்.

பொருள் பற்றிய நூல்களில் ஜார்ஜ் மிச்செல் எழுதிய 'தி ஹிண்டு டெம்பிள்' (1977) எளிது, அதில் ஆரம்பிக்கலாம். அதே பெயரில் ஸ்டெல்லா கிராம்ரிஷ் 1946-ல் எழுதிய இரண்டு தொகுதிகள் மிக ஆழமானவை. ஆனால் அவர் சமஸ்கிருத நூல்களிலிருந்து கோயிலுக்கு வருகிறார், வடநாட்டுக் கோயில்களே அதிகம். அதனால் அதைக் கடைசியில் வையுங்கள். வீடுகளைப் பற்றி என்றால் ஏமோஸ் ராப்போபோர்ட்டின் 'ஹவுஸ் ஃபார்ம் அண்ட் கல்ச்சர்' (1969). தட்பவெப்பமும் கட்டுமானப் பொருளும் மட்டும் வீட்டின் வடிவத்தைத் தீர்மானிப்பதில்லை, வாழும் முறைதான் முதல் என்று வாதாடும் சின்னப் புத்தகம்.

கிராம்ரிஷ் விலை அதிகம், நூலகத்தில் பாருங்கள். துப்ரேயின் ஆங்கில நூல் பழையது, இணையத்தில் ஸ்கேன் கிடைக்கும். போதிகைப் படங்கள் உள்ள பக்கங்களை மட்டும் பிரிண்ட் எடுத்துக்கொண்டு பக்கத்திலிருக்கும் பழைய கோயிலுக்குப் போங்கள்.