கலர் பென்சிலில் ஓர் ஆறு: பிரெடரிக் பாக் கேள்வி பதில்

கனடாவின் மாண்ட்ரியல் நகரில், ரேடியோ-கனடா என்ற பிரெஞ்சு மொழி ஒளிபரப்பு நிறுவனத்துக்காகப் படம் எடுத்த அனிமேஷன் கலைஞர் பிரெடரிக் பாக் (1924–2013) பற்றி வந்த கேள்விகளுக்கு என்னால் முடிந்த பதில்கள்.

அண்ணா, இதெல்லாம் அழகான ஓவியம் மாதிரிதானே இருக்கு? சோதனை முயற்சி என்கிறீர்களே, அது எங்கே?

அந்த அழகை வரவழைத்த விதத்தில்தான். வழக்கமாக ஒருவர் கோடு போடுவார், இன்னொருவர் வண்ணம் பூசுவார். பாக், ஒரு பக்கம் சொரசொரப்பாக இருக்கும் பிளாஸ்டிக் தாளில் கலர் பென்சிலால் நேராகத் தீட்டினார், பெரும்பகுதியைத் தன் கையாலேயே. தாளுக்குத் தாள் தீற்றல் கொஞ்சம் மாறும். அதனால் அசையாமல் நிற்கும் மரம்கூடச் சிலிர்த்துக்கொண்டே இருக்கும். காட்சியும் பட்டென்று வெட்டி மாறாது, கரைந்து அடுத்ததாகும்.

ஆற்றைப் பற்றி ஒரு படம் இருக்காமே?

1993இல் வந்த 'பெருநீர் நதி'. 24 நிமிடம். கனடாவின் செயின்ட் லாரன்ஸ் ஆறுதான் கதாநாயகி. திமிங்கிலம், வால்ரஸ், காட் மீன் என்று முதலில் நிறைந்து வழிகிறது. பிறகு ஐரோப்பியக் கப்பல்கள். ரோமம், மீன், மரம் என்று அள்ளிக்கொண்டு போகிறார்கள். கடைசியில் ஆற்றில் ஆலைக் கழிவு. பறக்கத் தெரியாத 'பெரும் ஆக்' என்றொரு பறவை அந்தப் பக்கம் கூட்டம் கூட்டமாக இருந்தது. இறைச்சிக்கும் இறகுக்கும் அடித்தே தீர்த்தார்கள். 1844இல் ஐஸ்லாந்துக் கரையில் கடைசி ஜோடியும் போனது. காட்சிகள் கரைந்து கரைந்து மாறுவதால், ஆறு எந்த இடத்தில் கெட்டது என்று விரல் வைத்துச் சொல்ல முடியாது. எனக்கு அடிவயிற்றைப் பிசைவது அதுதான்.

சார், பென்சிலும் பிளாஸ்டிக்கும் தொழிற்சாலைச் சரக்குதானே! அப்புறம் இயற்கையைக் காப்பாற்றச் சொல்லி என்ன உபதேசம்?

சரியான குத்தல்! அந்தச் சரக்கு அவரையும் விடவில்லை. பென்சில் கலையாமலிருக்க அடிக்கும் பிக்ஸேட்டிவ் ஸ்பிரேயால், 'கிராக்!' படத்து வேலையில் ஒரு கண் பார்வை போனது. மிச்சமிருந்த கண்ணோடுதான் 'மரம் நட்ட மனிதன்' (1987) படத்துக்கு ஏறக்குறைய ஐந்து வருடம் உழைத்தார். இரண்டுமே ஆஸ்கர் வாங்கின. பிரச்சாரம் துருத்தும் இடங்களும் அவரிடம் உண்டு, மறைக்க மாட்டேன்.

எதில் தொடங்கலாம்?

'கிராக்!' 15 நிமிடம், வசனமே கிடையாது. கனடாவின் கியூபெக் மாகாணத்துக் கிராமத்தில் ஒருவர் மரம் வெட்டி ஆடுநாற்காலி செய்கிறார். குழந்தைகள் அதை ரயிலாக்கி விளையாடுகிறார்கள். உடைய உடையச் சரிசெய்கிறார்கள். ஊர் நகரமாகும்போது நாற்காலி குப்பைக்குப் போகிறது. அதை யார் எடுத்துப் போகிறார் என்பதை மட்டும் நீங்களே பாருங்கள்.