8-ஐ விடுங்கள், 90-ஐப் பாருங்கள்

கேள்வி: எனக்கு வயது 63. ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். ஓராண்டாகச் சிறுநீர் மெலிந்து வருகிறது. இரவில் மூன்று முறை எழுந்திருக்கிறேன். ஸ்கேனில் புராஸ்டேட் சுரப்பி 38 கிராம் என்று வந்தது. யூரோஃப்ளோமெட்ரி என்ற சோதனையில் அதிகபட்ச வேகம் நொடிக்கு 8 மி.லி., கழித்த அளவு 90 மி.லி. என்று இருக்கிறது. வெளியே ஆட்கள் காத்திருந்ததால் கொஞ்சம் அவசரமாகத்தான் கழித்தேன். வேகம் 15-க்கு மேல் இருக்க வேண்டும் என்கிறார்கள். அறுவை சிகிச்சை செய்தே ஆக வேண்டுமா?

பதில்: நீங்கள் 8-ஐப் பார்த்துப் பயந்திருக்கிறீர்கள். என் கண் முதலில் போனது 90-க்குத்தான். சிறுநீர்ப்பை ஓரளவு நிரம்பினால்தான் அதன் தசை நன்றாகச் சுருங்கும். குறைந்தது 150 மி.லி. கழித்தால்தான் இந்தச் சோதனையை நம்பலாம். 90 மி.லி. மட்டும் கழித்தால் எந்தக் கோளாறும் இல்லாதவருக்கும் வேகம் குறைவாகக் காட்டக்கூடும். போதாக்குறைக்கு, கதவுக்கு வெளியே ஆள் நிற்கும்போது யாருக்குத்தான் இயல்பாக வரும்? இந்த அறிக்கையை வைத்துக்கொண்டு எந்த முடிவும் எடுக்க வேண்டாம்.

கருவி ஒன்றும் மாயமில்லை. ஒரு புனல், அதன் கீழே குடுவை, குடுவைக்கு அடியில் தராசு. ஒரு மி.லி. சிறுநீர் ஏறக்குறைய ஒரு கிராம் இருக்கும் என்பதால், நொடிக்கு நொடி எடை ஏறுவதை வைத்தே வேகத்தைக் கணக்கிட்டு வரைபடமாக அச்சிட்டுவிடுகிறது. என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் எண்ணை மட்டும் ஒரு துண்டுச்சீட்டில் எழுதி வருகிறார்கள். எனக்கு வேண்டியது அந்தக் கோடு. நல்ல ஓட்டம் கவிழ்த்து வைத்த மணிபோல ஏறி இறங்கும். புராஸ்டேட் அடைத்தால் உயரம் குறைந்து, வால் நீண்டுகொண்டே போகும். சிறுநீர் வெளியேறும் குழாயில் தழும்பு விழுந்து சுருங்கியிருந்தால் மேசைப் பலகைபோலத் தட்டையாக ஓடும். வயிற்றை முக்கிக் கழிப்பவருக்கு ரம்பப் பல் தெரியும். சிலருக்குத் தாரை புனலின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் அலையும்போது கோட்டில் திடீரென ஒரு முள் எழும்பும். கருவி அந்த முள்ளையே அதிகபட்ச வேகம் என்று அச்சடித்துவிடும்!

மறுபடி சோதித்து, போதுமான அளவு கழித்தும் 8-தான் வருகிறது என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் காரணம் தெரிந்துவிடாது. வீட்டுக் குழாயில் தண்ணீர் மெலிந்து வந்தால் குழாய் அடைத்திருக்கலாம், மோட்டாரும் சோர்ந்திருக்கலாம். சிறுநீர்ப்பைதான் இங்கே மோட்டார். பல ஆண்டுச் சர்க்கரை நோய் அதன் நரம்புகளை மந்தமாக்கிவிடும். உங்களுக்குச் சர்க்கரை உண்டா என்று கடிதத்தில் இல்லை. தசை பலவீனமாக இருப்பவருக்குப் புராஸ்டேட்டை மட்டும் செதுக்கினால் எதிர்பார்த்த பலன் கிடைக்காமல் போகலாம். சந்தேகம் இருந்தால், அறுவைக்கு முன் சிறுநீர்ப்பைக்குள் அழுத்தத்தை அளக்கும் சோதனையைச் செய்யச் சொல்வார்கள்.

38 கிராம் என்பதும் பயப்பட வேண்டிய எண் அல்ல. 80 கிராம் சுரப்பியோடு தாராளமாகக் கழிப்பவர் உண்டு. 30 கிராமில் திணறுபவரும் உண்டு. பெரும்பாலானவர்களுக்கு முதலில் மாத்திரைதான். டாம்சுலோசின் போன்றவை சில நாட்களிலேயே வேலை செய்யத் தொடங்கும். எழுந்து நிற்கும்போது தலைசுற்றல் வரலாம் என்பதால் நிதானமாக எழ வேண்டும். சிறுநீர் அடிக்கடி முழுதாக நின்றுபோவது, திரும்பத் திரும்பத் தொற்று, சிறுநீர்ப்பையில் கல், சிறுநீரகம் வீங்குவது, மாத்திரைக்கு அடங்காத தொல்லை ஆகியவை இருந்தால்தான் அறுவைப் பேச்சு. இடையில் சளிக்கு நீங்களாகவே மாத்திரை வாங்கிப் போட்டுக்கொள்ளாதீர்கள். அவற்றில் சில, சிறுநீரை அடைத்துவிடும்.

இரவில் எழுவதற்கு மூன்று நாள் கணக்கு எழுதுங்கள். அளவுக்கோடு போட்ட பிளாஸ்டிக் குவளை போதும், நேரமும் மி.லி.யும். ஒரு நாள் மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இரவுத் தூக்க நேரத்திலேயே சேர்ந்தால், புராஸ்டேட்டைத் தாண்டியும் காரணம் தேட வேண்டும். கால் வீக்கம், இரவில் தாமதமாகக் குடிக்கும் தண்ணீர், தூக்கத்தில் மூச்சுத்திணறல் என்று பட்டியல் நீளும்.

அடுத்த சோதனைக்கு ஒரு மணி நேரம் முன்பிருந்து மூன்று டம்ளர் தண்ணீரை மெதுவாகக் குடியுங்கள். வழக்கமாக வரும் உணர்வு வந்ததும் போங்கள். வெடிக்கும்வரை அடக்கினாலும் ஓட்டம் கெடும். கதவைச் சாத்திக்கொள்ள உரிமை உண்டு, தயங்காமல் கேளுங்கள். முக்க வேண்டாம். முடிந்ததும் உடனே ஸ்கேனில் மிச்சச் சிறுநீர் எவ்வளவு என்று பார்க்கச் சொல்லுங்கள். இதற்கிடையில் சிறுநீர் அறவே நின்றாலோ, இரத்தம் கலந்தாலோ, குளிருடன் காய்ச்சல் வந்தாலோ அன்றே மருத்துவமனைக்குப் போய்விடுங்கள்.

புது அறிக்கை வந்ததும் எழுதுங்கள். வரைபடத்தின் நகலையும் உடன் வையுங்கள்.