பள்ளிக்கூடம் மூடிய சந்தோஷம்

கேள்வி: ‘வெஸ்ட் பெய்ரூட்’ என்ற லெபனான் படம் பார்த்தேன். நாடு இரண்டாகப் பிளந்து எரிகிறது. படத்தில் வரும் பையன்களோ பள்ளிக்கூடம் மூடிவிட்டது என்று துள்ளிக் குதிக்கிறார்கள். பார்ப்பவர்களும் சிரிக்கிறார்கள். ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பேரைப் பலிகொண்ட உள்நாட்டுப் போரை வைத்துக் காமெடி பண்ணுவது செத்தவர்களை அவமதிப்பது ஆகாதா?

பதில்: பள்ளிக்கூடத்தை மூடிவிட்டார்கள் என்று கேட்டு அழுத பையன் யாரையாவது உங்களுக்குத் தெரியுமா?

இயக்குநர் ஸியாத் துவைரி 1963-ல் பெய்ரூட்டில் பிறந்தவர். 1975 ஏப்ரல் 13 அன்று பெய்ரூட்டின் ஐன் எல்-ரம்மானே பகுதியில் பாலஸ்தீனர்கள் வந்த பேருந்தைக் கிறிஸ்தவ ஆயுதக் குழுவினர் சுட்டுச் சல்லடையாக்கினார்கள். போர் தொடங்கியது. அப்போது அவருக்கு வயது 11. அந்த வயதில் போர் என்றால் முதலில் லீவு, அப்புறம்தான் மற்றதெல்லாம். படத்தில் வரும் பையன்கள் தாரிக்கும் உமரும் முதல் நாளிலிருந்தே முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு திரிந்திருந்தால் உங்களுக்குத் திருப்தியாக இருந்திருக்கும். ஆனால் அந்த இரண்டு பையன்களும் பாத்திரங்களாக அங்கேயே செத்திருப்பார்கள். (தாரிக்காக நடித்தது இயக்குநரின் சொந்தத் தம்பி. வீட்டுக் கதையை வீட்டுக்காரர்களே சொல்கிறார்கள். அடுத்த தெருவில் நிற்கும் நாம் கோபித்துக்கொள்கிறோம்.)

இந்தச் சிரிப்பு 1998-ல் படம் எடுக்க வந்த இடத்தில் கண்டுபிடித்ததும் அல்ல. பாடகி ஃபைரூஸின் மகன் ஸியாத் ரஹ்பானி, சண்டை தொடங்கிய காலத்திலேயே வானொலியில் ஒரு நையாண்டி நிகழ்ச்சி நடத்தினார். ‘இன்னும் உயிரோடுதான் இருக்கிறோம்’ என்ற பொருள் வரும் தலைப்பு. 1980-ல் ஒரு மனநல மருத்துவமனையைக் களமாக வைத்து நாடகமே போட்டார். போர் முடிய இன்னும் பத்து வருஷம் இருந்தது. டிக்கெட் வாங்கிப் போய் உட்கார்ந்து சிரித்தவர்கள் வெளியூர்க்காரர்கள் இல்லை. அதே வானொலியில் எந்தச் சாலை ‘பத்திரம், போகலாம்’, எதில் சுடுகிறார்கள் என்று தினமும் ஒருவர் அறிவிப்பார். நாம் மழை வருமா என்று கேட்டுவிட்டுக் குடையை எடுப்பதுபோல அதைக் கேட்டுவிட்டு வேலைக்குக் கிளம்பினார்கள். இதில் நகைச்சுவையைத் தனியாகப் பிரித்து எடுத்து ஓரமாக வைக்க முடியுமா, சொல்லுங்கள்.

படத்தில் உமர் சூப்பர் 8 கேமராவில் ஒரு சுருள் எடுத்துவிடுகிறான். அதைக் கழுவித் தரும் இடம் கிழக்கு பெய்ரூட்டில் இருக்கிறது. பையன்கள் இருப்பது மேற்கில். கிழக்கு கிறிஸ்தவக் குழுக்கள் கையில், மேற்கு முஸ்லிம் குழுக்கள் கையில், நடுவில் ஊரைப் பிரிக்கும் கோடு. போர் இவர்களுக்கு உண்மையில் உறைப்பது அங்கேதான், ஒரு ஃபிலிம் சுருளில். அந்தக் கோட்டருகே ஒரு விலைமாதர் விடுதி. இரண்டு தரப்பு ஆட்களும் வாடிக்கையாளர்கள். அங்கே போகிற கார் ஒரு பிராவைக் கொடிபோலக் காட்டினால் சுட மாட்டார்கள்! அந்தக் காலத்தில் லெபனான் அடையாள அட்டையில் மதம் அச்சிட்டிருக்கும். சோதனைச் சாவடியில் அட்டையைப் பார்த்து, எதிர்த்தரப்பு மதமாக இருந்தால் ஓரங்கட்டிக் கொன்றார்கள். 1975 டிசம்பர் 6, ‘கறுப்புச் சனி’ என்று பெயர் வாங்கிய நாள் அப்படிப்பட்டது. அரசாங்கம் கொடுத்த அட்டை உயிரை வாங்குகிறது, உள்ளாடை காப்பாற்றுகிறது. இதைச் சோக வயலின் போட்டு எடுத்தால்தான் மரியாதையா?

செத்தவர்களுக்கு அவமரியாதை என்று கோபப்பட வேறு நல்ல இடங்கள் இருக்கின்றன. 1990-ல் போர் ஓய்ந்தது. 1991-ல் போர்க்காலக் குற்றங்களுக்குப் பொதுமன்னிப்புச் சட்டம் வந்தது. ஆயுதக் குழுத் தலைவர்கள் சீருடையைக் கழற்றிவிட்டு கோட்டு சூட்டு போட்டு அமைச்சர்களானார்கள். காணாமல் போனவர்களின் தாய்மார்கள் புகைப்படத்தைப் பிடித்துக்கொண்டு தெருவில் உட்கார்ந்தார்கள். ஒரே வரலாற்றுப் பாடநூல் கொண்டுவருவோம் என்று போரை நிறுத்தப் போட்ட 1989 தாயிஃப் உடன்பாட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். புத்தகம் வரவே இல்லை. வகுப்பில் வரலாறு போருக்கு முன்பே நின்றுவிடும். பாடநூல் தொடாததை ஒரு காமெடிப் படமாவது தொட்டதே.

சரி, படத்தில் குறையே இல்லையா என்றால், இருக்கிறது. அந்த விடுதித் தலைவி உம் வாலித், இங்கே கிழக்கும் கிடையாது மேற்கும் கிடையாது என்று உபதேசம் செய்ய ஆரம்பிக்கிற இடம் எனக்குப் பிடிக்கவில்லை. பிராவே சொல்லிவிட்டதை வாயால் திருப்பிச் சொல்வானேன்? நீங்கள் அதைப் பற்றிப் புகார் எழுதியிருந்தால் மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொண்டிருப்பேன்.