ஆபரேட்டர் பதில்கள்: தகரக் கூரையும் நாகேஷும்

(பழனி மலையின் கீழ்மலைப் பகுதியில் டூரிங் கொட்டகையில் பல வருடம் படம் ஓட்டியவர் வாசகர்களுக்குப் பதில் சொல்கிறார். இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை நாகேஷைப் பற்றியே.)

கேள்வி: நாகேஷின் பலம் வசனமா, உடம்பா? எங்கள் விடுதியில் இதற்காக ஒரு சண்டையே நடந்தது, ஐயா.
– கல்லூரி மாணவர், பெருமாள்மலை

பதில்: இரண்டு ராத்திரி நடந்ததைச் சொல்கிறேன் தம்பி, தீர்ப்பை நீங்களே சொல்லிக்கொள்ளுங்கள்.

எங்கள் கொட்டகைக்குத் தகரக் கூரை. ஐப்பசி மழை பிடித்துக்கொண்டால் பக்கத்தில் இருப்பவன் பேசுவதே காதில் விழாது; படத்து வசனம் எங்கே விழும்? அப்படி ஒரு மழையில் ‘திருவிளையாடல்’ ஓட்டினேன். 1965-இல் வந்த படம். ஊரெல்லாம் ஓடித் தேய்ந்து எங்கள் மலைக்கு ஏறி வரும்போது பிரிண்ட் முழுக்கக் கோடு. கூரையிலும் மழை, திரையிலும் மழை. சிவாஜி பேசும் கட்டத்தில் ஜனங்கள் பீடி பற்றவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். தருமி வந்தார். அவர் பேசியதும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆனால் ஆயிரம் பொன் மேல் உள்ள ஆசை தெரிந்தது. பாட்டு எழுத வராத தவிப்பு தெரிந்தது. யாரோ கொடுத்த ஓலையைச் சபையில் நீட்டும்போது நிமிர்ந்த முதுகு, நக்கீரர் குற்றம் சொன்னதும் (படத்தை எடுத்த ஏ.பி. நாகராஜனேதான் அந்த நக்கீரர்) அப்படியே கூனிப்போனது தெரிந்தது. மணல் தரையிலிருந்து எழுந்த சிரிப்பு, மழையைத் தாண்டி என் மெஷின் ரூமுக்குள் கேட்டது.

உடனே உடம்புதான் என்று முடித்துவிடாதீர்கள். இன்னொரு ராத்திரி ‘காதலிக்க நேரமில்லை’. ‘ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்’ செல்லப்பா, அப்பா பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்கிற கட்டம். அந்தக் கால மெஷினில் இரண்டு கார்பன் குச்சிகள் எரிந்துதான் வெளிச்சம் வரும். எரிய எரிய நடுவில் இடைவெளி கூடும். திருகித் திருகி நெருக்கிக்கொண்டே இருக்க வேண்டும். நான் சுவரில் இருக்கும் சதுர ஓட்டை வழியாகப் பார்த்துச் சிரித்ததில் திருகை மறந்துவிட்டேன். திரை இருட்டாகிவிட்டது, சத்தம் மட்டும் ஓடுகிறது. சாதாரணமாக விசில் பறக்கும், சில நாள் கல்லும் பறக்கும். அன்று மூச்சுப் பேச்சில்லை. கதைக்கு வேண்டிய சத்தத்தையெல்லாம் நாகேஷ் வாயாலேயே போடுகிறார் இல்லையா, அந்த இருட்டில் அது நிஜப் பேய்க்கதையாகவே ஆகிவிட்டது. முன்னால் உட்கார்ந்திருந்த ஒரு பொடியன் வீறிட்டான். பெண்கள் பக்கத்திலிருந்து அவன் அம்மா என் பேரைச் சொல்லியே வைதாள். அன்றைய பேட்டாவை முதலாளி பிடித்துக்கொண்டார்.

கேள்வி: நாகேஷ் நம் பக்கத்துக்காரர் என்கிறார் என் மாமனார். உண்மையா?
– இல்லத்தரசி, தாண்டிக்குடி

பதில்: பாதி உண்மை, அம்மா. அவர் தாராபுரத்துக்காரர். மேகமில்லாத நாளில் அங்கே நின்று தெற்கே பார்த்தால் நம் மலை நீலமாகத் தெரியும். அந்த அளவுக்கு நம்மவர். பிறந்தது 1933-இல், வீட்டில் பேசியது கன்னடம். பிறகு ரயில்வேயில் குமாஸ்தா. முகமெல்லாம் அம்மைத் தழும்பு. அந்த முகத்தோடு சினிமாவில் சேரப்போகிறேன் என்று அன்றைக்கு யார் சொல்லியிருந்தாலும் வீட்டில் சிரித்திருப்பார்கள். ஒரு நாடகத்தில் வயிற்றுவலிக்காரராக வந்து துடித்ததைப் பார்த்துவிட்டுத்தான் எம்.ஜி.ஆர். மேடையில் பாராட்டினார். பெருமாள்மலைத் தம்பி இதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளலாம்.

கேள்வி: ‘சர்வர் சுந்தரம்’தானே அவருடைய சிறந்த படம்?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், பண்ணைக்காடு

பதில்: ஊர் அப்படித்தான் சொல்லும், சார். எனக்கு ‘எதிர்நீச்சல்’. சுந்தரம் 1964, மாது 1968. இரண்டு பேரையும் எழுதியவர் கே. பாலசந்தர். சுந்தரத்துக்காவது நடிகனாகும் யோகம் அடித்தது. மாதுவுக்கு மாடிப்படிக்கு அடியில் கொஞ்சம் இடம், குடித்தனக்காரர்கள் ஏவுகிற வேலை, அவ்வளவுதான். எங்கள் கொட்டகையில் ஒரு பையன் இருந்தான். வத்தலகுண்டு பஸ்ஸில் வரும் படப்பெட்டியைத் தலையில் சுமந்து வருவான், ராத்திரி திரைக்குப் பின்னால் சாக்கை விரித்துப் படுப்பான். ‘எதிர்நீச்சல்’ ஓடிய நாலு நாளும் தூணில் சாய்ந்து நின்றபடியே பார்த்தான், ஒரு நாளும் சிரிக்கவில்லை. என்னடா என்றேன். “இதுல காமெடி எங்கண்ணே இருக்கு?” என்றான்.

கேள்வி: அவருக்குப் பத்ம விருது கொடுத்தார்களா?
– மளிகைக் கடைக்காரர், வத்தலகுண்டு

பதில்: இல்லை. ‘நம்மவர்’ படத்துக்குத் துணை நடிகருக்கான தேசிய விருது கொடுத்தார்கள். இதற்கு மேல் எழுதினால் ஆசிரியர் வெட்டிவிடுவார்.

கேள்வி: பிற்காலத்தில் மங்கிவிட்டாரே, ஐயா?
– விவசாயி, மன்னவனூர்

பதில்: வாய்ப்பு குறைந்தது உண்மை. ஆள் மங்கவில்லை. 1989-இல் ‘அபூர்வ சகோதரர்க’ளில் வில்லனாக வந்தார், அத்தனை வருடம் சிரிக்க வைத்த முகத்தைப் பார்த்து என் மகன் பயந்தான். 2008-இல் ‘தசாவதாரம்’ வரை நடித்துவிட்டு, அடுத்த ஜனவரியில் போய்ச் சேர்ந்தார்.

நடுவில் 1994-இல் ‘மகளிர் மட்டும்’. அதில் அவருக்குப் பிணம் வேடம். எங்கள் கொட்டகையை அதற்குள் பிரித்துவிட்டார்கள், இடம் காப்பி காயப்போடும் களமாகிவிட்டது. அதனால் ரொம்ப நாள் கழித்து மகன் வீட்டு டி.வி.யில்தான் பார்த்தேன். பிணத்துக்கு வசனமும் கிடையாது, முகபாவமும் கிடையாது. தூக்குகிறார்கள், சாய்க்கிறார்கள், உட்கார வைக்கிறார்கள். வீடே உருண்டு சிரிக்கிறது. எனக்குத் தொழில் புத்தி போகவில்லை. மூச்சு விடுவது தெரிகிறதா, இமை அசைகிறதா என்று டி.வி.க்கு ஒரு சாண் தூரத்தில் போய் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

“தாத்தா, மறைக்காதீங்க!” என்று பேத்தி கத்தினாள்.