பாண்டவர் குழியும் ஜேசிபியும்

அன்புள்ள அண்ணா,

பாலக்காடு மாவட்டத்து மலம்புழா அணைக்கட்டு மேடுகளில் 2025-ல் கண்டறிந்த ஈமச்சின்னங்கள் பற்றி எழுதியிருந்தீர்கள். கொழிஞ்சாம்பாறை பக்கம் எங்கள் தோப்பிலும் பாதி புதைந்த கற்கள் வட்டமாகக் கிடக்கின்றன. அப்பா 'பாண்டவர் குழி' என்பார். தென்னங்கன்று வைக்க ஜேசிபிக்குச் சொல்லிவிட்டார். சித்தப்பாவோ புதையல் இருக்கும் என்கிறார். எனக்கு இங்கிலாந்திலுள்ள ஸ்டோன்ஹெஞ்ச் கல்வட்டம் மாதிரி சூரியனைப் பார்க்க வைத்ததோ என்று தோன்றுகிறது. நாங்களே தோண்டிப் பார்க்கலாமா?

செ.

அன்புள்ள செ.,

தோண்டாதீர்கள். ஜேசிபியையும் அந்தப் பக்கம் விடாதீர்கள்.

ஸ்டோன்ஹெஞ்சோடு வட்டம் என்பதைத் தவிர வேறு உறவில்லை. நம் பக்கத்துக் கல்வட்டம் பெரும்பாலும் இறந்தவர்களுக்கானது. நடுவில் குழி. அதற்குள் பலகைக்கற்களை நிறுத்திச் செய்த பதுக்கை, அல்லது தாழி. மேலே மூடுகல், அதன்மேல் மண்ணும் கல்லும் கொட்டிய குவியல். அது சரியாமலிருக்கத்தான் சுற்றிலும் அந்தக் கற்கள். அப்பா சொல்லும் பெயர் பழையது. மலபாரில் தோண்டிப் பார்த்த பாபிங்டன் என்ற வெள்ளைக்காரர் 1823-ல் வெளிவந்த கட்டுரைக்கே 'பாண்டு குழிகள்' என்றுதான் தலைப்பு வைத்தார்.

சித்தப்பாவுக்கு ஏமாற்றம்தான். கிடைப்பது கறுப்பு சிவப்புப் பானை, துருவேறிய இரும்பு, அதிர்ஷ்டமிருந்தால் சூதுபவளம் என்ற செந்நிறக் கல்லில் செய்த நாலு மணி. பல குழிகளில் எலும்புகூட முழுசாக இராது. உடலை வெளியே கிடத்தி, பிறகு எலும்பைப் பொறுக்கி வைக்கும் வழக்கமும் இருந்தது.

அப்படியானால் எதற்குக் காப்பாற்ற வேண்டும்? எது எங்கே, எந்த ஆழத்தில் இருந்தது என்பதற்காக. கிருஷ்ணகிரி மாவட்டத்து மயிலாடும்பாறையில் 104 செ.மீ. ஆழத்தில் எடுத்த மாதிரியின் காலக்கணிப்பு பொ.மு. (அதாவது கி.மு.) 1615 என்றது, 130 செ.மீ. ஆழத்தில் எடுத்தது 2172 என்றது. தமிழ்நாட்டில் இரும்பின் வயதைப் பின்னுக்குத் தள்ளியது இந்த ஒரு சாண் மண். ஜேசிபி ஒரே வாரலில் இரண்டையும் கலந்து போட்டுவிடும். பிறகு அந்தப் பானை அருங்காட்சியகத்துக்கே போனாலும் வெறும் பானைதான்.

அப்பாவிடம் கணக்காகவே பேசுங்கள். இருபத்தைந்தடி இடைவெளியில் வைக்கிற தென்னையில், வட்டத்தை விட்டால் போவது இரண்டு மூன்று கன்று. ஓர் ஆளைப் பக்கத்தில் நிறுத்திப் படமெடுத்து, விட்டத்தை அளந்து, திருச்சூரிலுள்ள இந்தியத் தொல்லியல் துறை அலுவலகத்துக்கு எழுதுங்கள். கருங்கல்லா வெட்டுக்கல்லா என்பதையும் குறிப்பிடுங்கள். எனக்கும் ஒரு படம் அனுப்புங்கள். சித்தப்பாவுக்கு முன்னால் அனுப்பினால் நல்லது.