இரண்டு புத்தகம், இரண்டு முடிவு: பேத்திக்கு எதைக் கொடுப்பது?

கேள்வி: நான் தோட்டத்தில் கிராணியாக வேலை செய்து ஓய்வு பெற்றவன். இப்போது சுங்கை சிப்புட்டில் மகன் வீட்டில் இருக்கிறேன். பேத்தி படிவம் 4. வானவியல் என்றால் அவளுக்கு உயிர். என்னிடம் இருந்த பழைய புத்தகங்களில் ‘தி லாஸ்ட் த்ரீ மினிட்ஸ்’ என்ற ஒன்றை எடுத்துக் கொடுத்தேன், 1994இல் வந்தது. முதல் அத்தியாயத்திலேயே 2126இல் ஒரு வால்மீன் பூமியில் மோதுகிறது. பிள்ளை இரண்டு நாள் சரியாகத் தூங்கவில்லை. அப்புறம் பிரபஞ்சம் சுருங்கி நசுங்குவதைப் பற்றி வருகிறது. அவளுடைய ஆசிரியர் இரவல் கொடுத்த 2020ஆம் ஆண்டுப் புத்தகத்திலோ, விரிந்துகொண்டே போய்க் குளிர்ந்துவிடும் என்றுதான் பெரும்பாலோர் நம்புகிறார்களாம். வாட்ஸ்அப்பில் வந்த ஒரு காணொளி, 2000 கோடி ஆண்டில் எல்லாம் சுருங்கிவிடும் என்கிறது. எதை நம்புவது? நூறு வெள்ளிக்குள் என்ன வாங்கலாம்? எனக்கு ஆங்கிலம் ஆபீஸ் கணக்கு எழுதும் அளவுக்குத்தான். தமிழில் ஏதாவது உண்டா?

பதில்: ஐயா, முதலில் வால்மீனை முடித்துவிடுவோம். பிள்ளை தூங்க வேண்டும்.

அந்த வால்மீன் உண்மையானதுதான். பெயர் ஸ்விஃப்ட்-டட்டில். சுமார் 26 கிலோமீட்டர் குறுக்களவு. 1862இல் கண்டுபிடித்தார்கள், அடுத்து 1992இல் வந்தது. அப்போது அதன் பாதைக் கணக்கு அரைகுறையாக இருந்ததால், அடுத்த முறை 2126இல் வரும்போது மோதக்கூடும் என்ற பேச்சு கிளம்பியது. புத்தகம் எழுதிய பால் டேவிஸ் அந்தச் சூட்டில்தான் முதல் அத்தியாயத்தை எழுதியிருக்கிறார். பிறகு கி.மு. 69லும் கி.பி. 188லும் சீனர்கள் இதே வால்மீனைப் பார்த்து எழுதி வைத்த குறிப்புகளைச் சேர்த்துக் கணக்குப் போட்டபோது பாதை தெளிவாகிவிட்டது. 2126 ஆகஸ்டில் அது பூமியை விட்டுச் சுமார் 2.3 கோடி கிலோமீட்டர் தள்ளிப் போகும். நிலா இருக்கும் தூரத்தைப் போல 60 மடங்கு. இன்னொன்றும் அவளிடம் சொல்லுங்கள்: ஆகஸ்ட் 12, 13 தேதிகளில், பெரட்டுக்குக் கிளம்பும் அந்த விடியற்காலை நேரத்தில் வடக்குப் பக்கம் விழும் எரிமீன்கள் இந்த வால்மீன் விட்டுப் போன தூசுதான். செம்பனைக்கு நடுவே, விளக்கு வெளிச்சம் இல்லாத இடமாகப் பார்த்து நின்றால் சிலவாவது கண்ணில் படும்.

இந்த வால்மீன் விவகாரத்திலேயே உங்கள் பெரிய கேள்விக்கும் பதில் இருக்கிறது. பிரபஞ்சத்தின் முடிவைப் பேசும் புத்தகத்தை வாங்கும் முன் ஆசிரியர் பெயரைப் பார்ப்பதற்கு முன்னால் ஆண்டைப் பாருங்கள். 1998க்கு முன்னால் எழுதியதா, பின்னால் எழுதியதா என்பதுதான் கோடு.

உங்கள் பேத்திக்கு இதை விளக்க அவளுடைய பாடப் புத்தகமே போதும். படிவம் 4 இயற்பியலில் ஈர்ப்பு விசைப் பாடத்தில் ‘ஹலாஜு லெபாஸ்’ வரும், விடுபடு வேகம். ஒரு கல்லை மேலே எறிந்தால் திரும்பி விழுகிறது. விநாடிக்கு 11.2 கிலோமீட்டர் வேகத்தில் எறிய முடிந்தால் அது பூமியின் பிடியை விட்டே போய்விடும். திரும்பி விழப்போகும் கல்லோ, போயே விடும் கல்லோ, மேலே போகும்போது வேகம் குறைந்துகொண்டேதான் இருக்கும். 1998 வரை பிரபஞ்சத்தையும் அப்படித்தான் பார்த்தார்கள். விண்மீன் மண்டலங்கள் ஒன்றைவிட்டு ஒன்று விலகுகின்றன என்பது 1929இல் எட்வின் ஹபிள் என்ற வானியலாளர் காட்டியது. அவற்றுக்கு இடையே உள்ள ஈர்ப்பு அந்த விலகலை மெல்ல மெல்லத் தடுக்கும். போதுமான பொருள் இருந்தால் விரிவு ஒருநாள் நின்று, திரும்பி, எல்லாம் ஒன்றாக வந்து நசுங்கும். இல்லாவிட்டால் போய்க்கொண்டே இருக்கும். எல்லைக்கோடு எவ்வளவு தெரியுமா? ஒரு கன மீட்டர் இடத்தில் சராசரியாக ஐந்தாறு ஹைட்ரஜன் அணு எடை. அவ்வளவு மெல்லிய கணக்கு. 1994 புத்தகம் இரண்டு பக்கத்தையும் பேசிவிட்டு, நசுங்கும் முடிவுக்கு அவ்வளவு இடம் கொடுப்பது இதனால்தான். அன்றைக்கு அது நேர்மையான எழுத்து.

1998இல் நடந்தது யாரும் எதிர்பார்க்காதது. இரண்டு குழுக்கள், ஒன்றுக்கொன்று போட்டியாக, வெகு தொலைவில் வெடிக்கும் ஒருவகை விண்மீன்களை அளந்துகொண்டிருந்தன. இங்கே நம்மவர் ஒருவர் கதைக்குள் வருகிறார். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சுப்பிரமணியன் சந்திரசேகர், 1930இல் கப்பலில் இங்கிலாந்துக்குப் போகும் வழியில், 19 வயதில், ஒரு கணக்குப் போட்டார். எரிந்து முடிந்து சுருங்கிய விண்மீன், அதாவது வெண்குள்ளன், சூரியனைப் போல ஏறக்குறைய 1.4 மடங்குக்கு மேல் எடை தாங்காது. இதற்கும் வேறு சாதனைகளுக்குமாக 1983இல்தான் அவருக்கு நோபல் கிடைத்தது. அந்த எல்லையை நெருங்கும் வெண்குள்ளன்கள் வெடிக்கும்போது, சில திருத்தங்களைச் செய்தால், ஏறக்குறைய ஒரே அளவு பிரகாசம் காட்டுகின்றன. ஒரே வாட் கொண்ட பல்புகளை வரிசையாகத் தோட்டத்துச் சாலையில் கட்டிவிட்டது போல. மங்கலாகத் தெரிந்தால் தூரத்தில் இருக்கிறது, அவ்வளவுதான். அளந்து பார்த்தால், வேகம் குறையும் பிரபஞ்சத்தில் இருக்க வேண்டியதைவிட அவை மங்கலாக இருந்தன. அதாவது, எறிந்த கல் மேலே போகப் போக வேகம் கூடிக்கொண்டிருக்கிறது! பெர்ல்மட்டர், ஷ்மிட், ரீஸ் மூவருக்கும் 2011இல் இதற்கு நோபல்.

வேகத்தைக் கூட்டும் அந்த ஏதோ ஒன்றுக்கு ‘டார்க் எனர்ஜி’ என்று பெயர் வைத்ததும் 1998தான். தமிழில் இருள் ஆற்றல், கரும் ஆற்றல் என்று எழுதுகிறார்கள். இன்றைய கணக்கில் பிரபஞ்சத்தின் மொத்தத்தில் சுமார் 68 விழுக்காடு இது. கண்ணால் காணும் அனைத்தும், செம்பனை முதல் சூரியன் வரை, 5 விழுக்காடுதான்.

இந்தப் பெயர்தான் உங்களுக்கு ஒரு நல்ல உரைகல். பழைய புத்தகக் கடையிலோ மலிவு விற்பனையிலோ ஒரு வானவியல் புத்தகத்தைக் கையில் எடுத்தால், கடைசிப் பக்கங்களில் இருக்கும் சொல்லடைவைப் புரட்டி ‘டார்க் எனர்ஜி’ இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால், அட்டை எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும், முடிவைப் பற்றிய அத்தியாயம் பழைய சோறு. மறுபதிப்பு ஆண்டை நம்ப வேண்டாம். 2015இல் அச்சடித்தது என்று போட்டிருக்கும், உள்ளே சரக்கு 1988ஆக இருக்கும். ‘முதற்பதிப்பு’ என்ற வரியைத்தான் தேட வேண்டும்.

இதை எனக்குச் சொல்லிக் கொடுத்தது என் சொந்த முட்டாள்தனம். நான் இயற்பியல் ஆசிரியராக இருந்தவன். 1990களின் தொடக்கத்தில் வந்த ஒரு புத்தகத்தை வைத்துக்கொண்டு 2001 வரை வகுப்பில் “விரிவின் வேகம் குறைந்துகொண்டே வருகிறது” என்று அடித்துச் சொல்லிக்கொண்டிருந்தேன். ஒரு மாணவன் செய்தித்தாள் துண்டோடு வந்து நின்றான். முகத்தை எங்கே வைப்பது?

சரி, காணொளிக்கு வருவோம். அது முழுப் பொய் இல்லை, அதனால்தான் தொல்லை. அமெரிக்காவின் அரிசோனாவில் கிட் பீக் மலையில், 4 மீட்டர் தொலைநோக்கியில் 5000 ஒளியிழைகளைப் பொருத்தி, டெஸி என்ற கருவி விண்மீன் மண்டலங்களின் தூரத்தை அளந்து வருகிறது. 2024லும், பிறகு 2025 மார்ச்சில் ஏறக்குறைய 1.5 கோடி மண்டலங்களையும் குவேசார்களையும் (வெகு தொலைவில் மிகப் பிரகாசமாக ஒளிரும் மண்டல மையங்கள்) வைத்தும், வெளியிட்ட முடிவுகள் ஒரு சாடையைக் காட்டின: இருள் ஆற்றல் மாறாத ஒன்றாக இல்லாமல், காலப்போக்கில் பலவீனமாகிக்கொண்டு வரலாம். எந்த அளவீட்டோடு சேர்த்துப் பார்க்கிறோம் என்பதைப் பொறுத்து இதன் உறுதி 2.8 முதல் 4.2 சிக்மா. சிக்மா என்பது ஒரு முடிவு தற்செயலாக வந்தது இல்லை என்று எவ்வளவு நம்பலாம் என்பதற்கான அளவு. இயற்பியலில் ‘கண்டுபிடித்தோம்’ என்று சொல்ல 5 சிக்மா வேண்டும், அதாவது தற்செயலாக இப்படி வர 35 லட்சத்தில் ஒரு வாய்ப்பு. அந்த அளவை இது தொடவில்லை. இந்தச் சாடையை எடுத்துக்கொண்டு, ஒரு குறிப்பிட்ட கணித மாதிரியில் பொருத்தி, பிரபஞ்சத்தின் மொத்த ஆயுள் 3300 கோடி ஆண்டு என்று ஒரு கட்டுரை கணித்தது. ஏற்கெனவே 1380 கோடி ஓடிவிட்டதால் மீதி சுமார் 2000 கோடி. ‘இப்படி இருந்தால் அப்படி ஆகும்’ என்பதில் முதல் பாதியை வெட்டிவிட்டால் வாட்ஸ்அப் காணொளி கிடைத்துவிடும்.

ஆக, 1994இல் பேசிய நசுங்கும் முடிவு செத்துப் போய், மெல்ல எழுந்து உட்காரப் பார்க்கிறது. இப்போதைக்கு அதிக ஆதரவு குளிர்ந்து போகும் முடிவுக்குத்தான். ஆனால் முடிவாகிவிட்டது என்று யாராவது எழுதினால் அந்தப் புத்தகத்தை அலமாரியிலேயே வைத்துவிடலாம்.

இனி வாங்கும் விஷயம். நூறு வெள்ளியில் ஒன்றே ஒன்று வாங்குங்கள்: கேட்டி மேக் எழுதிய ‘தி எண்ட் ஆஃப் எவ்ரிதிங்’. ஆசிரியர் இரவல் கொடுத்தது அனேகமாக இதுவாகத்தான் இருக்கும், ஆண்டு ஒத்துப் போகிறது. அப்படியென்றால் அவளுக்கென்று ஒரு பிரதி வாங்கிக் கொடுங்கள், கோடு போட்டுப் படிக்கட்டும். நசுங்குவது, குளிர்வது, கிழிந்து போவது, வெற்றிடமே நிலைகுலைவது, மோதி மீண்டும் தொடங்குவது என்று ஐந்து முடிவுகளை எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றுக்கும் என்ன சான்று, எவ்வளவு சான்று என்று சொல்கிறார். சிரிக்கச் சிரிக்க எழுதுகிறவர். பதினாறு வயதுப் பிள்ளை அகராதி பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்துவிடலாம். ஒரே எச்சரிக்கை, வெற்றிடம் நிலைகுலையும் அத்தியாயம். அது எந்த நொடியும் நடக்கலாம் என்பது போலத் தொனிக்கும். வால்மீனுக்கே தூக்கம் போனவள் என்பதால், அந்த அத்தியாயத்தைப் பகலில் படிக்கச் சொல்லுங்கள். இந்தப் புத்தகமும் டெஸிக்கு முந்தியது. நான் மேலே சொன்ன நாலு வரியை ஒரு தாளில் எழுதி உள்ளே செருகி வையுங்கள்.

இயற்பியலாளர் ஸ்டீஃபன் ஹாக்கிங்கின் 1988 புத்தகமான ‘எ ப்ரீஃப் ஹிஸ்டரி ஆஃப் டைம்’ என்பதை எல்லோரும் சிபாரிசு செய்வார்கள். நான் முதல் புத்தகமாகச் செய்யமாட்டேன். ஒரே ஒரு சமன்பாடுதான் இருக்கிறது என்பது உண்மை. ஆனால் சமன்பாடு இல்லாததாலேயே எளிது என்று ஆகிவிடாது. பாதியில் நிற்கும் புத்தகங்களில் அதற்குத்தான் முதலிடம் என்பது என் அனுபவம். மேலே சொன்ன உரைகல்லிலும் அது தேறாது.

பழையதில் எதுவும் வேண்டாம் என்று நான் சொல்வதாக நினைக்க வேண்டாம். விண்மீன்கள் பிறப்பதும் சாவதும் பற்றிய பக்கங்கள் அவ்வளவு சீக்கிரம் பழசாவதில்லை. ஃபிரெட் ஆடம்ஸ், கிரெக் லாஃப்லின் இருவரும் எழுதி 1999இல் வந்த ‘தி ஃபைவ் ஏஜஸ் ஆஃப் தி யூனிவர்ஸ்’ கிடைத்தால் விடாதீர்கள். சூரியன் இன்னும் 500 கோடி ஆண்டில் வீங்கிச் சிவக்கும். புது விண்மீன்கள் பிறப்பது சுமார் கோடி கோடி ஆண்டில் ஓய்ந்துபோகும். நாம் பேச்சுக்குச் சொல்லும் ‘கோடி கோடி’ இல்லை, கோடியைக் கோடியால் பெருக்கிய அசல் கணக்கு. மிகப் பெரிய கருந்துளைகள் கரைந்து முடிய 1க்குப் பின்னால் நூறு சுழியம் போட்ட ஆண்டுகள் ஆகலாம். இதையெல்லாம் அலுக்காமல் சொல்லும் புத்தகம் அது. ஈப்போ மாநில நூலகத்தில் கேட்டுப் பாருங்கள், காசு மிச்சம்.

பழைய புத்தகங்களில் திருத்த வேண்டிய இன்னொரு இடம் ஆண்ட்ரோமீடா. 400, 500 கோடி ஆண்டில் அந்த மண்டலம் நம் பால்வீதியோடு கட்டாயம் மோதும் என்று பல நூல்களில் இருக்கும். 2025இல் வந்த ஓர் ஆய்வு, பக்கத்து மண்டலங்களின் இழுப்பையும் சேர்த்துக் கணக்கிட்டு, அடுத்த 1000 கோடி ஆண்டில் மோத வாய்ப்பு பாதிக்குப் பாதிதான் என்கிறது.

தமிழுக்கு வருகிறேன். ஹாக்கிங்கின் அந்தப் புத்தகம் ‘காலம்: ஒரு வரலாற்றுச் சுருக்கம்’ என்று தமிழில் வந்திருக்கிறது. பேத்திக்கு முதல் புத்தகமாக வேண்டாம் என்றேன், உங்களுக்கு வேண்டாம் என்று சொல்லவில்லை. அவள் மேக்கைப் படிக்கட்டும், நீங்கள் இதைப் படியுங்கள். இரண்டும் ஒத்துவராத இடத்தில் இருவரும் உட்கார்ந்து ஆண்டைப் பார்த்துக்கொள்ளலாம். சந்தாப் பணத்துக்கு ரசீது சரிபார்க்கும் கண் உங்களுக்கு இருக்கும், அது இங்கே உதவும்.

தமிழ்க் கட்டுரைகளைப் படிக்கும்போது அந்தக் கண்ணை எண்களின் மேல் வையுங்கள். ஆங்கிலத்து ‘பில்லியன்’ என்பது 100 கோடி. அதை 1 கோடி என்றும் 10 கோடி என்றும் மாற்றி எழுதிய கட்டுரைகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். பிரபஞ்சத்தின் வயது 13.8 பில்லியன், அதாவது 1380 கோடி. ‘138 கோடி’ என்று ஒரு கட்டுரையில் கண்டால் மேலே படிக்க வேண்டாம். 450 கோடி ஆண்டு வயதான பூமி, தன்னைச் சுமக்கும் பிரபஞ்சத்துக்கே பாட்டியாகிவிடும். நம் பிள்ளைகள் பள்ளியில் பில்லியனில்தான் எண்ணுகிறார்கள், அதனால் சுழியங்களைச் சரிபார்க்கும் வேலையைப் பேத்தியிடமே விட்டுவிடுங்கள்.