குழந்தைக்கு ‘மௌனம்’ என்ற பொருளில் பெயர்: எது சரி, எது இடறும்?

கேள்வி: பெண் குழந்தை பிறந்து மூன்று மாதம் ஆகிறது. மௌனம் என்று பொருள்படும் பெயர் வைக்க ஆசை. இணையப் பட்டியல்களில் மோனிகா, மோனா, மௌனிகா, நீரவா, சகீனா, ஷிசுகா, ஹில்ஜா, டாசிட்டா எனக் கிடைத்தன. எதை நம்பலாம்? கணவருக்கு பிரான்ஸில் வேலை. நாங்களும் அங்கே போய்விடுவோம்.

பதில்: முதலில் மோனிகாவை அடித்துவிடுங்கள். புனித அகுஸ்தினாரின் தாயார் பெயராக உலகெங்கும் பரவியது அது. அதன் மூலத்தை அறிஞர்களே உறுதியாகச் சொல்வதில்லை. மௌனத்தோடு அதற்கு உறவு இல்லை, ஓசை ஒற்றுமைதான்.

மோனா கொஞ்சம் சிக்கல். மௌனம் தமிழில் மோனம் என்றும் வழங்கும். கொன்றை வேந்தனிலேயே ‘மோனம் என்பது ஞான வரம்பு’ என்று இருக்கிறது. அதிலிருந்து மோனா என்று நீங்கள் வைத்தால் தமிழில் யாரும் குறை சொல்ல முடியாது. ஆனால் வெளியே கேட்பவர்களுக்கு அந்தப் பொருள் எட்டாது. மோனா லிசாவின் மோனா, ‘சீமாட்டி’ என்ற இத்தாலிய மரியாதைச் சொல். அரபியில் முனா என்றால் ஆசைகள், விருப்பங்கள்.

சகீனா அழகான பெயர், தமிழ் முஸ்லிம் வீடுகளிலும் புழங்குவது. ஆனால் அது பேசாமையைக் குறிக்காது. இறைவன் மனத்தில் இறக்கும் அமைதியைக் குறிக்கும். அதே வேரில் பிறந்ததுதான் சுகூன். அரபி எழுத்தின் மேல் உயிரொலி இல்லை என்று காட்டப் போடும் சிறு வட்டத்துக்கும் அதுவே பெயர், நம் மெய்யெழுத்துப் புள்ளி செய்யும் அதே வேலை. அரபியில் மௌனத்துக்கு நேர்ச்சொல் சம்த்.

டோரேமான் பார்க்கும் பிள்ளைகளுக்கு ஷிசுகாவைத் தெரியும். ஜப்பானில் இந்தப் பெயரின் பொருளை எழுத்துதான் முடிவு செய்யும். 2006 டுரின் ஒலிம்பிக்கில் ஃபிகர் ஸ்கேட்டிங் பெண்கள் ஒற்றையர் பிரிவில் தங்கம் வென்ற ஷிசுகா அரகவாவின் பெயரில் ‘ஷிசு’வுக்கு அமைதியைக் குறிக்கும் எழுத்தும், ‘கா’வுக்கு நறுமணத்தைக் குறிக்கும் எழுத்தும் இருக்கின்றன. எழுத்தை மாற்றினால் பொருள் மாறிவிடும். தமிழிலோ ஆங்கில எழுத்திலோ எழுதும்போது அந்தப் பொருள் கூடவே வராது.

ஹில்ஜா பின்லாந்துப் பெயர். பொருள் சரி, அமைதியானவள். உச்சரிப்புதான் தவறு: பின்னிஷ் மொழியில் ஜே எழுத்துக்கு ‘ய’ ஒலி, எனவே ஹில்யா. காலமெல்லாம் திருத்திக்கொண்டே இருக்க வேண்டியிருக்கும். டாசிட்டா லத்தீனில் அப்பட்டமாக ‘பேசாதவள்’ என்றே பொருள்படும். ஆனால் ரோமானியர் அந்தத் தேவதையை வணங்கியது எதிரிகளின் நாவைக் கட்டுவதற்கு. அவள் கதையோ, ரகசியத்தைச் சொல்லிவிட்டதற்காக ஜூபிடர் நாக்கைப் பிடுங்கிய பெண்ணின் கதை. குழந்தைக்கு வேண்டாம் என்பது என் கருத்து.

நீரவா வடமொழியில் ‘ஒலியற்றவள்’. இலக்கணப்படி குறையில்லை, நீரவ் குஜராத்தில் ஆண்களுக்குப் பழகிய பெயர். தமிழ் ஆசிரியர் யாராவது ‘நீர் + அவா’ என்று பிரித்துவிட்டால், பிள்ளைக்குத் தண்ணீர்த் தாகம் என்றாகிவிடும்!

மிஞ்சுவது மௌனிகா. நான் பரிந்துரைப்பதும் இதையே. முனி என்ற சொல்லிலிருந்து வந்தது மௌனம். முனிவர் தாமே ஏற்கும் பேசா நிலை. அதனால் ‘ஊமை என்று கேலி செய்வார்களோ’ என்று தயங்க வேண்டாம். ஆந்திரா, தெலங்கானாவில் மௌனிகாக்கள் ஏராளம். ‘மௌனி’ என்று சுருக்குவதானால் ஒன்று: வடமொழியில் அது ஆண்பால் வடிவம், பெண்பால் மௌனினி. வழக்கத்தில் பெண்களுக்கும் வைக்கிறார்கள், தவறாக யாரும் எடுப்பதில்லை.

இனிமேல்தான் கவனம் வேண்டும். இந்தப் பெயரில் பெரும்பாலான தொல்லை எழுத்தில் வருவது. தட்டச்சில் ‘மௌ’ என்பது ம-வும் ஔகாரக் குறியும் சேர்ந்த ஒரே எழுத்து. பலர் ஒற்றைக்கொம்பும் ளகரமும் போட்டு ‘மெள’ என்று அடித்துவிடுகிறார்கள். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுபோல் தெரியும். கணினிக்கு அது ‘மெளனிகா’ என்ற வேறு பெயர், தேடினால் கிடைக்காது. சோதிக்க, கர்சரை அம்புக்குறி விசையால் நகர்த்திப் பாருங்கள்: மௌ சரியானால் ஒரே தாவலில் கடக்கும், தவறானால் நடுவில் நிற்கும். நாளிதழ்கள் ‘மவுனிகா’ என்று எழுதும். அது பிழையல்ல, ஆனால் சான்றிதழ்களில் ஏதாவது ஒன்றையே கடைசிவரை பிடித்துக்கொள்ளுங்கள்.

ஆங்கில எழுத்தில் எம்-ஓ-யூ என்று தொடங்குவதே இந்தியாவில் அதிகம். பிரெஞ்சில் ஓ-யூ சேர்ந்தால் ‘ஊ’, ஆக அங்கே மூனிகா என்பார்கள். ஏ-யூ போட்டாலும் தப்பவில்லை, பிரெஞ்சில் அது ‘ஓ’ ஆகி, நாம் முதலில் அடித்த மோனிகாவே வந்து நிற்கும்! இரண்டில் ஓ-யூ மேல். மௌனா என்று சுருக்கி வைத்தால், பிரான்ஸில் வட ஆப்பிரிக்கக் குடும்பத்துப் பெண் என்று நினைப்பார்கள். துனிசியா, மொராக்கோவில் முனாவை அப்படித்தான் எழுதுகிறார்கள். எண்கணிதம் பார்த்து நடுவில் இன்னொரு எழுத்தைச் செருகுவதானால் பதிவுக்கு முன்பே செருகிவிடுங்கள். பிறகு செருகினால் கடவுச்சீட்டும் பிறப்புச் சான்றிதழும் ஒத்துப்போகாது.

அவசரம் இல்லை. பெயர் இல்லாமல் பதிவான பிறப்பில் 12 மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயர் சேர்க்கலாம். அதன்பின் தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டுவரை சேர்க்கலாம். சேர்த்த பெயரை மாற்றுவதுதான் பெரும்பாடு. எனவே விண்ணப்பத்தில் தமிழ், ஆங்கிலம் இரண்டிலும் நீங்களே எழுதிக் கொடுத்து, அச்சிடுவதற்கு முன் திரையில் அந்த ‘மௌ’வை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.